சாதிலிங்கமும் சுருங்கிய காலமும்
(அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)

காலத்தை நிறுத்தவும் திருப்பவும் சுருக்கவும் வல்ல அரிய கனிமம் ஒன்று எங்கோ மண்ணுக்கடியில் கிடக்கிறது என்னும் கற்பனை இன்றைய புனைகதைகளிலும் திரைப்படங்களிலும் கணினி விளையாட்டுகளிலும் மலிந்திருக்கிறது. அப்படிப்பட்ட கனிமத்தைக் கற்பனைப் பொருளாகக் கொள்ளாமல், சுரங்கத்திலிருந்து வெட்டியெடுத்து, தராசில் நிறுத்து, உலையில் இட்டு, இறுதியில் விழுங்கியும் பார்த்த அறிவு மரபு ஒன்று சீனத்தில் ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகள் செழித்திருந்தது. அம்மரபினர் நம்பிய கனிமம் சாதிலிங்கம். தமிழ்ச் சித்த மருத்துவத்தில் இலிங்கம் என்றும் சுருக்கமாக வழங்கும் இது, பாதரசமும் கந்தகமும் அணுவுக்கு அணுவாகக் கூடிய சேர்மம். குருதி நிறம் கொண்டது. நீரைப்போல் எட்டு மடங்கு அடர்ந்தது. ஆயினும் நகம் பட்டாலே கீறல் விழும் அளவுக்கு மென்மையானது. எரிமலை வெப்பமோ வெந்நீர் ஊற்றுகளோ செயல்பட்ட பாறைப் பிளவுகளில் இது படிகிறது. ஸ்பெயினின் அல்மாடன், சுலோவேனியாவின் இத்ரியா, சீனத்தின் ஹூனான், குய்சோ மலைப்பகுதிகள் ஆகியவை இதன் புகழ்பெற்ற இருப்பிடங்கள்.

சாதிலிங்கம் காலத்தை ஆளும் என்ற நம்பிக்கையை அறியாமை என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுவது எளிது. ஆனால் அது நேர்மையான வாசிப்பு ஆகாது. அந்த நம்பிக்கை உலையில் கண்ணால் கண்ட மாற்றத்திலிருந்து படிப்படியாகக் கட்டப்பட்ட முடிவு. அம்முடிவின் ஒரு பாதி இன்றைய வேதியியலும் ஒப்புக்கொள்ளும் உண்மை, மறுபாதி பேரரசர்கள் உட்படப் பலரின் உயிரைக் குடித்த பிழை. அந்த இரண்டு பாதிகளும் எந்த இடத்தில் பிரிகின்றன என்று காண்பதே இங்கு எடுத்துக்கொண்ட பொருள்.

சிவப்பு மங்காத கனிமம் என்பதே சாதிலிங்கத்துக்குக் கிடைத்த முதல் மதிப்பு. புதைகுழிகளில் பிணத்தின் மேலும் சுற்றியும் செந்தூள் தூவும் வழக்கம் சீனத்தில் எழுத்து வரலாற்றுக்கும் முந்தியது. குருதியின் நிறத்தை இழக்காத ஒரு பொருள், குருதி உறைந்துபோன உடலுக்குத் துணையாக வைக்கப்பட்டது. சின் பேரரசர் சின் ஷி ஹுவாங் கி.மு. 210இல் இறந்தபோது அவருடைய கல்லறைக்குள் ஆறுகளையும் கடலையும் பாதரசத்தால் அமைத்தார்கள் என்று வரலாற்றாசிரியர் சிமா சியான் எழுதியிருக்கிறார். 1980களின் தொடக்கத்தில் அக்கல்லறை மேட்டின் மண்ணைச் சோதித்தபோது பாதரசம் இயல்பைவிட மிகுதியாக இருந்தது தெரியவந்தது. 1972இல் சாங்ஷா நகருக்கு அருகில் மவாங்துய் என்னும் இடத்தில் அகழ்ந்தெடுத்த கல்லறை இன்னும் வியப்பானது. கி.மு. 2ஆம் நூற்றாண்டில் மறைந்த பிரபு ஒருவரின் மனைவியான சின் சுய் என்பவரின் உடல், இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பிறகும் தோல் நெகிழ்வுடனும் மூட்டுகள் மடங்கும் நிலையிலும், இரைப்பையில் முலாம்பழ விதைகளோடும் இருந்தது. உடலின் திசுக்களில் ஈயமும் பாதரசமும் மிகுந்திருந்தன. அவ்வுடல் கெடாமல் நின்றதற்கு, பெட்டிகளைச் சுற்றி இறுகப் பொதித்த மரக்கரியும் வெண்களிமண்ணும் காற்றை அடைத்ததே முதன்மைக் காரணம் என்பது ஆய்வாளர் கருத்து. அந்த அம்மையார் வாழ்ந்த காலத்தவர் இத்தகைய உடலைக் கண்டிருந்தால் அதற்குரிய பெருமையைக் காற்றுப் புகாத களிமண்ணுக்குத் தந்திருக்கமாட்டார்கள்.

மண்ணுக்குள் வைத்த பொருள் மருந்தானது ஹான் அரசமரபின் காலத்தில். கி.மு. 133ஆம் ஆண்டையொட்டி லி ஷாவோஜுன் என்பவர் பேரரசர் வூவிடம் வந்து, அடுப்புத் தெய்வத்துக்குப் பலியிட்டால் சாதிலிங்கத்தைப் பொன்னாக மாற்றலாம், அப்பொன்னால் செய்த கலங்களில் உண்டால் ஆயுள் நீளும் என்று கூறியதைச் சிமா சியான் பதிவு செய்கிறார். பொன் செய்வது இங்கே செல்வத்துக்காக அன்று. தாழ்ந்த உலோகத்தை உயர்ந்த உலோகமாக்கும் கலையாகிய இரசவாதம் பிற நாடுகளில் பெரும்பாலும் செல்வத்தை நோக்க, சீனத்தில் அது தொடக்கம் முதலே முதுமையை எதிர்த்த கலையாக இருந்தது.

அந்தக் கலைக்குச் சிந்தனை அடித்தளம் இட்டவர் கெ ஹொங். கி.பி. 283ஐ ஒட்டிப் பிறந்து 4ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிவரை வாழ்ந்த இவர், சாதிலிங்கம் கிடைக்கும் தென்திசைக்கு அருகில் இருக்கவேண்டும் என்பதற்காகவே தொலைவிலுள்ள சிறிய பதவி ஒன்றைக் கேட்டுப் பெற்றவர். இறுதிக்காலத்தைக் குவாங்தோங் பகுதியின் லுவோஃபு மலையில் கழித்தவர். 'பாவோபூசி' என்னும் தம் நூலில் அவர் வைக்கும் வாதத்தின் சாரம் இது: செடிகொடிகளை எரித்தால் சாம்பலாகின்றன, அதோடு முடிந்துவிடுகின்றன, சாதிலிங்கத்தை எரித்தாலோ அது பாதரசமாகிறது, மேலும் மாற்றங்களுக்கு உட்படுத்தினால் மறுபடியும் சாதிலிங்கமாகவே திரும்பி வருகிறது. எரிந்தது எரியாத நிலைக்கு மீள்கிறது என்றால் அந்தப் பொருளில் அழிவை நோக்கிய ஒருவழிப் போக்கு இல்லை; அதை உண்பவரிடமும் அப்போக்கு இல்லாமற்போகும். இந்த வாதத்தின் முதல் அடி கண்ணால் கண்டது, இரண்டாம் அடி அறிவுக்கூர்மையான ஊகம், மூன்றாம் அடிதான் பள்ளத்தில் விழுந்தது. அவருடைய கூர்மையை ஐயுறுவோர் ஒன்றை நினைவில் கொள்ளலாம்: காய்ச்சலுக்கான மூலிகையைக் நீரில் ஊறவைத்துப் பிழியச் சொல்லும் அவருடைய மருத்துவக் கையேட்டுக் குறிப்புதான், 1970களில் மலேரியாவுக்கு மருந்து தேடிய தூ யூயூவுக்கு வழிகாட்டி, 2015ஆம் ஆண்டின் நோபல் பரிசுவரை சென்றது.

கெ ஹொங் கண்டது என்ன என்பது வேதியியலர் இடையே இன்றும் பேசப்படும் செய்தி. சாதிலிங்கத்தைக் காற்றில் நன்கு சூடாக்கினால் கந்தகம் காற்றின் உயிர்வளியோடு சேர்ந்து நெடியுடைய புகையாக வெளியேற, பாதரசம் ஆவியாகிக் குளிர்ந்த இடத்தில் வெள்ளித் துளிகளாகத் திரள்கிறது. அத்துளிகளைக் கந்தகத்தோடு அரைத்தால் கரிய தூள் கிடைக்கும். அதை மூடிய கலத்தில் பதங்கமாக்கினால், அதாவது உருகவிடாமல் ஆவியாக்கி மேல்மூடியில் படியவைத்தால், சிவப்பு மீள்கிறது. இது உண்மையான மீட்சி. ஆனால் கந்தகமே சேர்க்காமல் பாதரசத்தை மட்டும் அதன் கொதிநிலையான 357 பாகை செல்சியசுக்குச் சற்றுக் கீழே நாட்கணக்கில் காற்றுபட வைத்திருந்தாலும் சிவந்த தூள் உருவாகும். அது பாதரச ஆக்சைடு, அதாவது உயிர்வளியோடு கூடிய பாதரசம். இரண்டும் சிவப்பு, கண்ணுக்கு இரண்டும் சாதிலிங்கமே. உடலுக்குள் அவற்றின் வேற்றுமை பெரிது: சாதிலிங்கம் நீரில் ஏறத்தாழக் கரையாது என்பதால் பெரும்பகுதி கழிந்துவிடும், ஆக்சைடோ இரைப்பை அமிலத்தில் கரைந்து குருதியில் ஏறிச் சிறுநீரகத்தையும் குடலையும் சிதைக்கும். நிறத்தை அடையாளமாகக் கொண்ட ஒரு மரபில் இந்த வேற்றுமை தெரியாமற்போனது எத்தனையோ உயிர்களின் கதை.

மீட்சி ஒருமுறை நடந்தால் போதாது, பலமுறை நடக்கவேண்டும் என்றும் கெ ஹொங் கருதினார். ஒருமுறை திருப்பிய மருந்தை உண்டவர் அமரநிலை அடைய மூன்று ஆண்டுகள் ஆகும். திருப்பங்கள் கூடக்கூட இக்காலம் குறைந்துகொண்டே வந்து, ஒன்பது முறை திருப்பிய மருந்தை உண்டவருக்கு மூன்றே நாட்கள் போதும். மருந்துக்குள் காலம் திணிக்கப்படுகிறது, திணித்த அளவுக்கு உண்பவரின் காத்திருப்புச் சுருங்குகிறது என்ற எண்ணம் இந்த அட்டவணையில் முளைவிடுகிறது. அது முழு வளர்ச்சி பெற்றது தாங் அரசமரபின் காலத்தில்.

அந்த வளர்ச்சியைப் புரிந்துகொள்ள, கனிமங்கள் மண்ணுக்குள் முதிர்கின்றன என்னும் பழைய கொள்கையை அறியவேண்டும். கி.மு. 2ஆம் நூற்றாண்டின் 'ஹுவாய்நான்சி' முதலிய நூல்கள், மண்ணின் ஆவிகள் நூற்றாண்டுகள் கடந்து தாதுக்களாகவும் உலோகங்களாகவும் இறுதியில் பொன்னாகவும் கனிகின்றன என்று கூறும். முட்டைக்குள் குஞ்சு வளர்வதுபோல மலைக்குள் பொன் வளர்கிறது. அதற்குத் தேவை வெப்பமும் காலமும் மட்டுமே. இந்தக் கொள்கையிலிருந்து தாங் கால நூல்கள் ஒரு துணிவான கணக்கைப் போட்டன. இயற்கையில் தானே விளையும் அமர மருந்து முழுமை பெற 4,320 ஆண்டுகள் ஆகும் என்றன அவை. சீன நாளில் 12 பொழுதுகள். ஒரு பொழுது இன்றைய இரண்டு மணி நேரத்துக்குச் சமம். ஆண்டுக்கு 360 நாட்கள் என்று கொண்டால் ஓராண்டில் 4,320 பொழுதுகள். ஆகவே உலையில் கழியும் ஒரு பொழுது மலையில் கழியும் ஓராண்டுக்கு நிகர். மலை நாலாயிரத்துச் சொச்சம் ஆண்டுகளில் செய்வதை மனிதர் ஓராண்டில் செய்து முடிக்கலாம்.

இந்தக் கணக்கின் முழுப் பொருளை உலகுக்கு எடுத்துக்காட்டியவர் அமெரிக்க அறிவியல் வரலாற்றாசிரியர் நேத்தன் சிவின். சீன இரசவாதம் காலத்தைக் கையாண்ட விதம் குறித்து அவர் 1976இல் எழுதிய கட்டுரைக்கு முன்பு, இரசவாதியின் உலை பெரும்பாலும் தோற்றுப்போன வேதியியல் கூடமாகவே மதிப்பிடப்பட்டது. சிவினின் பார்வையில் அது அண்டத்தின் சிறுபடிவம்: நூற்றாண்டுகளின் ஓட்டத்தைக் கண்முன்னே நிகழவைத்துப் பார்ப்பதற்கான கருவி. உலையின் அடுக்குகள் வானையும் மண்ணையும் குறித்தன. தீ பருவங்களைக் குறித்தது. குளிர்காலத்துக்குரிய கட்டத்தில் கரியின் எடையைக் குறைத்து, பின்பு சீரான படிகளில் கூட்டி, கோடை உச்சத்துக்குப் பிறகு அதே படிகளில் இறக்கிவரும் தீமுறை ஒன்று வகுக்கப்பட்டது. வெப்பமானியே இல்லாத காலத்தில் எரிபொருளை நிறுத்து வெப்பத்தை ஆண்டார்கள் என்பது அறிவியல் வரலாற்றில் தனி மதிப்புப் பெறவேண்டிய செயல். அது பெற்றிருக்கும் மதிப்போ மிகக் குறைவு.

நிறுத்துப் பார்க்கும் அந்தப் பழக்கம் எவ்வளவு நுட்பமானது என்பதற்கு 8ஆம் நூற்றாண்டின் சென் ஷாவோவெய் சான்று. ஹூனான் பகுதியின் சென்சோவில் கிடைத்த சாதிலிங்கத்தை ஒளி, வடிவம், நிறம் ஆகியவற்றால் தரம் பிரித்த அவர், முதல்தரக் கல்லின் 16 பங்கிலிருந்து 14 பங்கு பாதரசம் இறங்கும், எஞ்சிய 2 பங்கு கல்லின் ஆவி என்று எழுதினார். இன்றைய அணு எடைகளின்படி தூய சாதிலிங்கத்தில் பாதரசம் 86.2 விழுக்காடு, அதாவது 16இல் 13.8 பங்கு. அவர் சொன்ன 14 பங்கு அந்த எல்லையைச் சற்றே தாண்டுகிறது; ஆயினும் இழந்ததையும் கணக்கில் எழுதி, அதற்குப் பெயரும் இட்டு, மொத்தம் 16 ஆகவேண்டும் என்று கருதிய மனம் அளவையின் மதிப்பை அறிந்த மனம். அவர் கல்லின் ஆவி என்றது கந்தகத்தையே.

இத்தனை கூர்மைக்கு நடுவே இறப்புகள் தொடர்ந்தன. தாங் பேரரசர் தைசோங்குக்காக, இருநூறு வயது தமக்கு என்று கூறிக்கொண்ட நாராயணசுவாமி என்னும் இந்தியர் 648இல் தலைநகருக்கு அழைத்துவரப்பட்டு ஆயுள் மருந்து செய்யப் பணிக்கப்பட்டார். மறு ஆண்டே பேரரசர் மறைந்தார். 9ஆம் நூற்றாண்டில் சியான்சோங் மருந்துண்டு கடுஞ்சினம் மிக்கவராகி, 820இல் அரண்மனை அலிப் பணியாளர் கையால் மாண்டார் என்று வரலாறு கூறும். அவர் மகன் மூசோங் 824இலும், பின்வந்த வூசோங் 846இலும், சுவான்சோங் 859இலும் இதே மருந்துகளின் நிழலில் இறந்தனர். அரண்மனைக்கு வெளியே நடந்ததை 823இல் அறிஞர் ஹான் யூ ஓர் அதிகாரியின் கல்லறைக் குறிப்பில் வருந்தி எழுதினார்: ஈயத்தால் கலத்தை நிரப்பி, நடுவே குழிவு செய்து பாதரசம் ஊற்றி, விளிம்புகளை மூடி எரித்துச் சாதிலிங்கமாக்கி உண்ட அந்த மனிதருக்குக் குருதிப்போக்கு உண்டாகி, நான்கு ஆண்டுகளில் உயிர் பிரிந்தது, அதே வழியில் மாண்ட தமக்குத் தெரிந்த மேலும் சிலரையும் அவர் பட்டியலிட்டார். அந்தச் செய்முறையில் கந்தகம் இல்லை என்பதைக் கவனிக்கவேண்டும். ஈயமும் பாதரசமும் காற்றும் சேர்ந்து தந்த சிவப்பு ஆக்சைடுகளாகத்தான் இருக்கமுடியும்; சாதிலிங்கம் என்ற பெயரில் உண்டது சாதிலிங்கமே அன்று.

இறப்பைக் கண்ட பின்னும் நம்பிக்கை எப்படி நின்றது என்னும் வினா இயல்பாக எழும். மருந்துண்டவருக்குத் தோலின்மேல் எறும்பு ஊர்வதுபோன்ற உணர்வும், கைகால் வீக்கமும், உணவின் மணத்தில் வெறுப்பும், வாந்தியும் வந்தால் அவை நோய் நீங்குவதன் அறிகுறிகள், அஞ்சவேண்டாம் என்று ஒரு நூல் கூறுகிறது. நஞ்சேறுவதற்குரிய அடையாளங்கள் அனைத்தும் மருந்து வேலை செய்வதற்கான சான்றாக மாற்றி வாசிக்கப்பட்டன. மீறி இறந்தால், கூட்டுப்புழு உரித்த ஓட்டைப்போல உடலை விட்டுவிட்டு அவர் அமரராகச் சென்றார் என்ற விளக்கம் காத்திருந்தது. எந்த விளைவையும் வெற்றியாக வாசிக்க இடம் தரும் கொள்கை தன்னைத் திருத்திக்கொள்ளும் வாயிலை அடைத்துவிடுகிறது. சென் ஷாவோவெயின் தராசுக்கு இருந்த நேர்மை இந்த வாசிப்புக்கு இல்லை. தாங் காலத்துக்குப் பிறகு அம்மரபே தன் திசையைத் திருப்பிக்கொண்டது: உலை, கலம், ஈயம், பாதரசம் என்னும் சொற்கள் அப்படியே நிற்க, அவை மூச்சையும் உடலின் உள்ளாற்றலையும் குறிக்கும் குறியீடுகளாகி, அகவழி இரசவாதம் என்னும் யோகப் பயிற்சியாக மாறின.

தமிழ் மரபுக்கும் இப்பொருளோடு உண்மையான உறவு உண்டு. சித்த மருத்துவம் நச்சுக் கனிமப் பொருள்களாகிய பாடாணங்களை மண்ணில் தானே விளைந்த பிறவிப் பாடாணம், மனிதர் கூட்டிச் செய்த வைப்புப் பாடாணம் என்று இரண்டாகப் பகுத்து, ஒவ்வொன்றிலும் 32 வகை சொல்லும். இயற்கையில் விளைவதை மனிதரும் விளைவிக்கலாம் என்ற அதே துணிவு இந்தப் பகுப்பிலும் தெரிகிறது. பாதரசத்தையும் கந்தகத்தையும் கருமையாகும்வரை அரைத்து, மணல் நிரப்பிய வாலுகா யந்திரத்தில் எரித்துச் சிவந்த செந்தூரமாக்கும் முறை, மேலே சொன்ன மீட்சியின் இந்திய வடிவம். உடலைக் கல்போல நிலைக்கச்செய்யும் காயகற்பம் என்னும் குறிக்கோளும், சித்தர் போகர் சீனத்தோடு தொடர்புடையவர் என்னும் வழிவழிச் செய்தியும் இரு மரபுகளையும் ஒருங்கே நினைக்கத் தூண்டுகின்றன. ஆயினும் கந்தகத்தோடு கூட்டுவதையும் அதற்குமுன் பாதரசத்தைச் சுத்தி செய்வதையும் இந்திய மரபு தன் செய்முறையின் மையத்தில் வைத்தது என்பதைத் தனியே குறிப்பிடவேண்டும். கந்தகம் கட்டிய பாதரசத்தின் கரையாமையை எண்ணினால் அது சிறிய செய்தி அன்று. இதை இம்மருந்துகள் தீங்கற்றவை என்பதற்கான சான்றாகக் கொள்ளக்கூடாது. கட்டுப்படாமல் எஞ்சும் பாதரசம் எந்த மரபுக்கும் சலுகை தருவதில்லை.

சிவப்பு வெள்ளியாகி வெள்ளி சிவப்பாகும் அந்தத் திருப்பம் 18ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவில் மீண்டும் உலையேறியது. 1774 ஆகஸ்டு 1ஆம் நாள் ஆங்கில வேதியியலர் ஜோசப் பிரீஸ்ட்லி பாதரசத்தின் சிவந்த தூளைக் குவிவில்லை வழியே குவித்த வெயிலின் வெப்பத்தால் சூடாக்கி அதிலிருந்து ஒரு புதிய வளியைப் பிரித்தார். பிரெஞ்சு வேதியியலர் லவோசியே பாதரசத்தை மூடிய காற்றில் 12 நாட்கள் இடைவிடாமல் சூடாக்கி, 45 கிரெயின் அளவு சிவந்த தூள் சேர்த்து, அதையே மேலும் கடுமையாகச் சூடாக்கி 41½ கிரெயின் பாதரசத்தையும் எரிதலைத் தூண்டும் வளியையும் திரும்பப் பெற்றார். அந்த வளிதான் உயிர்வளி. கெ ஹொங் காலத்தின் மீட்சி என்று பார்த்ததை லவோசியே காற்றின் வரவு செலவாகப் பார்த்தார். இருவருக்கும் நடுவில், வெளியேறிய ஆவிக்கும் எடை உண்டு என்று எழுதிவைத்த சென் ஷாவோவெய் நிற்கிறார். பாதரசம் பழைய நிலைக்குத் திரும்பியது மெய். ஆனால் எரிந்த கரி திரும்பவில்லை, பரவிய வெப்பம் திரும்பவில்லை. உலைக்கு வெளியே அந்தச் செலவு நடந்துகொண்டே இருந்ததால்தான் உள்ளே மீட்சி நிகழ்ந்தது. உண்பவரின் உடலுக்குள் அத்தகைய மீட்சியை நடத்தித்தரும் தீ எதுவும் இல்லை.

எனினும் உலையில் ஒரு பொழுது மலையில் ஓராண்டு என்ற கணக்கின் கரு பொய்த்துப்போகவில்லை. வெப்பநிலை ஏற ஏற வேதிவினைகள் பன்மடங்கு விரைகின்றன என்பதை 1889இல் சுவீடன் நாட்டு அறிஞர் அர்ரேனியஸ் சமன்பாடாக வகுத்தார். அதன் துணையால், கரிமப் பொருள் செறிந்த பாறை மண்ணுக்கடியில் பல மில்லியன் ஆண்டுகள் வெந்து எண்ணெயாவதை, எண்ணெய் நிலவியலர் 1970களின் இறுதி முதல் ஆய்வகத்தில் நிகழ்த்திப் பார்க்கின்றனர். பாறைத் துண்டுகளை நீரோடு இறுக மூடிய கலத்தில் இட்டு 330 பாகை செல்சியசை ஒட்டி 72 மணி நேரம் சூடாக்கும்போது, பாறை எண்ணெயைக் கக்குகிறது. பாறையின் அந்த நிலையை அவர்களும் முதிர்ச்சி என்றே அழைக்கின்றனர். தாங் கால உலையிலிருந்து இக்கலம் வேறுபடுவது ஓர் இடத்தில்: அங்கே 4,320 என்னும் ஒரே விகிதம் எல்லாப் பொருளுக்கும் எல்லாத் தீக்கும் உரியதாக நாட்காட்டியிலிருந்து எடுக்கப்பட்டது; இங்கே விகிதம் ஒவ்வொரு வினைக்கும் ஒவ்வொரு வெப்பநிலைக்கும் தனித்தனியே அளந்து பெறப்படுகிறது, அதுவும் முன்னோக்கி விரைவதற்கு மட்டுமே பொருந்துகிறது.